ஐந்து ஏவுகணை, ஒரு தொலைபேசி

போன இதழில் ஒரு வாசகர், "கணினி சொல்வதை எந்த அளவுக்கு நம்பலாம்?" என்று கேட்டிருந்தார். பதிலில், 1983-ல் அணு ஆயுத ஏவுகணை வருவதாகக் கணினி சொல்லியும் அதை நம்பாத ஒரு சோவியத் அதிகாரியைப் பற்றி இரண்டு வரி எழுதினேன். இந்த முறை வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் அந்த இரண்டு வரியைப் பற்றித்தான். அதனால் மற்ற கேள்விகளை அடுத்த இதழுக்குத் தள்ளி வைத்துவிட்டு, இதை மட்டும் எடுத்துக்கொள்கிறேன். அனல்மின் நிலையக் கண்ட்ரோல் ரூமில் முப்பத்தோரு வருடம் அலாரச் சத்தத்தோடு இருந்தவன் நான். இது எனக்கு மனதுக்கு மிக நெருக்கமான விஷயம்.

கேள்வி: அந்த அதிகாரி யார்? அன்று இரவு என்னதான் நடந்தது? உள்ளுணர்வை நம்பி உலகத்தைக் காப்பாற்றினார் என்று காணொளிகளில் சொல்கிறார்களே, சரியா?
*– கல்லூரி மாணவி, திருநெல்வேலி*

அவர் பெயர் ஸ்தானிஸ்லாவ் பெட்ரோவ். சோவியத் வான்காப்புப் படையில் லெப்டினென்ட் கர்னல். அப்போது வயது 44. மாஸ்கோவுக்குத் தெற்கே செர்புகோவ்-15 என்று ஒரு ரகசிய ராணுவக் குடியிருப்பு இருந்தது. அங்கே ஒரு நிலவறையில் உட்கார்ந்து, அமெரிக்க ஏவுகணைத் தளங்களைக் கண்காணிக்கும் 'ஓக்கோ' செயற்கைக்கோள்கள் அனுப்பும் தகவலைப் பார்ப்பது அவருடைய பணி. ஓக்கோ என்றால் ரஷ்ய மொழியில் கண்.

1983 செப்டம்பர் 26, நள்ளிரவு தாண்டிச் சற்று நேரம். சங்கு அலறியது. எதிரே இருந்த பெரிய திரையில் சிவப்பு எழுத்தில் 'ஏவப்பட்டது' என்று வந்தது. அமெரிக்காவிலிருந்து ஒரு மினிட்மேன் ஏவுகணை கிளம்பிவிட்டது என்று அர்த்தம். தகவலின் நம்பகத்தன்மை 'மிக உயர்ந்தது' என்று கணினியே சான்றும் கொடுத்தது. சூடான வாணலி மேல் உட்கார்ந்தது போல இருந்தது, அசையவே முடியவில்லை என்று பெட்ரோவ் பின்னாளில் சொன்னார். கொஞ்ச நேரத்தில் மறுபடி சங்கு. இரண்டாவது ஏவுகணை. பிறகு மூன்று, நான்கு, ஐந்து. திரையில் இருந்த வார்த்தையும் 'ஏவுகணைத் தாக்குதல்' என்று மாறியது.

அந்த மாதம் எப்படிப்பட்ட மாதம் என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். செப்டம்பர் 1-ஆம் தேதிதான் சோவியத் போர் விமானம் ஒரு கொரியப் பயணிகள் விமானத்தைச் சுட்டு வீழ்த்தி, அதில் இருந்த 269 பேரும் இறந்திருந்தார்கள். இரண்டு வல்லரசுகளும் ஒன்றையொன்று உச்சகட்டச் சந்தேகத்தோடு பார்த்துக்கொண்டிருந்தன. சோவியத் தலைவர் ஆந்த்ரோபோவ் கடும் நோயில் இருந்தார். அமெரிக்கா முதல் அடி அடிக்கப் போகிறது என்ற பயம் மாஸ்கோவில் நிஜமாகவே இருந்தது.

பெட்ரோவ் கையில் எந்தப் பொத்தானும் கிடையாது. காணொளிகளில் பலர் இதைத் தவறாகச் சொல்கிறார்கள். அவர் கையில் இருந்தது தொலைபேசி. வந்திருப்பது உண்மையான எச்சரிக்கையா இல்லையா என்று மேலிடத்துக்குச் சொல்ல வேண்டியது அவர் கடமை. முடிவெடுக்கும் ஆட்கள் அவருக்கு மேலே இருந்தார்கள். ஆனால் ஒரு கண்டம் விட்டுக் கண்டம் பாயும் ஏவுகணை வந்து விழச் சுமார் அரை மணி நேரம்தான். அதில் மேலே இருப்பவர்களுக்கு மிஞ்சுவது சில நிமிடங்கள். அந்தச் சில நிமிடத்துக்குள் 'உறுதி' என்ற சொல் போய்ச் சேர்ந்தால், அதற்கு மேல் யார் நிதானமாக உட்கார்ந்து யோசிக்கப் போகிறார்கள்?

பெட்ரோவ் தொலைபேசியை எடுத்து, "கருவியில் கோளாறு" என்று சொன்னார்.

இப்போது உங்கள் உள்ளுணர்வுக் கேள்விக்கு வருகிறேன். வயிற்றுக்குள் ஏதோ ஒன்று இது பொய் என்றது என்று அவரே பேட்டியில் சொல்லியிருக்கிறார். ஆனால் அந்த வயிற்றுக்குள் என்ன இருந்தது என்று பாருங்கள். ஒன்று, போரைத் தொடங்குகிறவன் ஐந்தே ஐந்து ஏவுகணையோடு தொடங்க மாட்டான், எதிரி பதிலடி கொடுக்க முடியாதபடி நூற்றுக்கணக்கில் ஏவுவான் என்று அவருக்குக் கற்றுக்கொடுத்திருந்தார்கள். அப்புறம், ஓக்கோ அமைப்பு பணிக்கு வந்து அதிக நாள் ஆகவில்லை, அரைகுறையாக இருக்கும்போதே அவசரமாகச் சேர்க்கப்பட்டது என்பது அவருக்கு உள்ளிருந்தே தெரியும். தரையில் இருந்த ராடார்கள் எதையும் பார்க்கவில்லை. செயற்கைக்கோள் அனுப்பும் படத்தைக் கண்ணால் பார்ப்பதற்கென்றே இருந்தவர்களுக்கும் ஏவுகணையின் ஒளி எதுவும் தென்படவில்லை.

அந்த அறையில் முறையாக ஷிஃப்ட் பார்ப்பவர்களைப் போன்றவர் இல்லை பெட்ரோவ். அடிப்படையில் பொறியாளர். அந்த அமைப்பு எப்படி இயங்குகிறது, எப்படி இயக்க வேண்டும் என்பதை எழுதியவர்களில் ஒருவர். தன் சகாக்கள் எல்லாரும் உத்தரவு போடவும் கேட்கவும் பழகிய ராணுவத்தினர், தனக்கு மட்டும்தான் ராணுவத்துக்கு வெளியே படித்த படிப்பு இருந்தது, வேறு யாராவது அன்று பணியில் இருந்திருந்தால் எச்சரிக்கை மேலே போயிருக்கும் என்று அவர் நம்பினார். நானும் அதை நம்புகிறேன். ஒரு கருவி எந்தெந்த வழியில் பொய் சொல்லும் என்று தெரிந்தவனால்தான் அது பொய் சொல்லும்போது தைரியமாகக் கேள்வி கேட்க முடியும்.

அதற்காக அவருக்கு நிச்சயமாகத் தெரிந்திருந்தது என்று நினைத்துவிடாதீர்கள். பாதிக்குப் பாதிதான் நம்பிக்கை இருந்தது என்று அவரே சொன்னார். தொலைபேசியை வைத்த பிறகு, ஏவுகணை வந்து விழ வேண்டிய நேரம் கடந்து போகும் வரை காத்துக்கொண்டிருந்தார். எதுவும் விழவில்லை.

கேள்வி: ஏவுகணையை விண்ணிலிருந்து எப்படிப் பார்க்க முடியும்? வெயில் பட்டதை ஏவுகணை என்று நினைத்துவிட்டது என்கிறார்களே, எப்படி?
*– ஒன்பதாம் வகுப்பு மாணவர், விருதுநகர்*

நல்ல கேள்வி தம்பி. ஏவுகணை கிளம்பும்போது அடியில் பெரிய நெருப்பு வால் இருக்கும். அதன் வெப்பம் அகச்சிவப்புக் கதிராக வெளிவரும். செயற்கைக்கோளில் இருக்கும் உணரி அந்தக் கதிரைப் பிடிக்கும். ஆனால் நேர் மேலே இருந்து பூமியைப் பார்த்தால், மேகத்தில் பட்டுத் திரும்பும் வெயிலும் அதே மாதிரி பளிச்சென்று தெரியலாம். அதனால் சோவியத் பொறியாளர்கள் ஒரு வழி செய்தார்கள். செயற்கைக்கோளை நீள்வட்டப் பாதையில் சுற்றவிட்டு, பூமியின் விளிம்பைச் சாய்வாகப் பார்க்க வைத்தார்கள். அப்படிப் பார்த்தால் மேலே எழும் ஏவுகணையின் நெருப்பு, பின்னால் இருக்கும் கறுப்பு வானத்தில் தனியாகத் தெரியும்.

நன்றாக யோசித்துச் செய்ததுதான். ஆனால் இரவும் பகலும் சமமாக வரும் நாள் முடிந்து மூன்று நாள்தான் ஆகியிருந்தது. அன்று சூரியன், செயற்கைக்கோள், ஏவுகணைத் தளம் மூன்றும் ஒரு கோணத்தில் வந்து சேர்ந்தன. உயரத்தில் இருந்த மேகங்களில் பட்ட வெயில் நேராக உணரிக்குள் பாய்ந்தது. எந்தத் தவறு வரக்கூடாது என்று பார்த்துப் பார்த்துக் கட்டினார்களோ, அதே தவறு வேறு வாசல் வழியாக உள்ளே வந்தது. அதன் பிறகு வேறு பாதையில் சுற்றும் செயற்கைக்கோளின் தகவலோடு ஒப்பிட்டுப் பார்க்கும்படி மாற்றினார்கள்.

கேள்வி: விதியை மீறிய ஒரு அதிகாரியை இப்படிக் கொண்டாடலாமா? ஏவுகணை நிஜமாகவே வந்திருந்தால் அவரை என்ன சொல்லியிருப்போம்? எல்லாரும் சொந்த யோசனைப்படி நடந்தால் எந்த நிர்வாகம் ஓடும்?
*– ஓய்வு பெற்ற வங்கி மேலாளர், சேலம்*

ஐயா, உங்கள் கடிதத்தைத்தான் அதிக நேரம் கையில் வைத்துக்கொண்டிருந்தேன். நீங்கள் கேட்பது நியாயம். சமாளித்துப் பதில் சொல்லாமல், எனக்கு நடந்த இரண்டைச் சொல்கிறேன்.

நான் வேலை பார்த்த இடத்தில் கொதிகலனின் டிரம்மில் தண்ணீர் மட்டத்தைக் காட்ட மூன்று கருவிகள் உண்டு. மட்டம் இறங்கினால் குழாய்கள் கருகிவிடும், ஏறினால் தண்ணீர் நீராவியோடு போய் டர்பைனைக் கெடுக்கும். மூன்றில் இரண்டு கருவி ஆபத்து என்றால் யூனிட் தானாக நின்றுவிடும். ஒரு நாள் ராத்திரி இரண்டு மணி வாக்கில், ஒரு கருவி மட்டும் மட்டம் தடாலென்று விழுந்ததாகக் காட்டியது. அலாரம் கத்துகிறது. பேனலில் இருந்த பையன் பதறிப்போய்த் தண்ணீரைக் கூட்டப் போனான். நான் கையைப் பிடித்தேன். உள்ளே போகும் தண்ணீரும் வெளியே போகும் நீராவியும் சமமாக இருந்தன, மற்ற இரண்டு கருவியும் அசையவில்லை. தண்ணீர் மட்டும் எங்கே போயிருக்கும்? காலையில் பார்த்தால் அந்தக் கருவிக்குப் போகும் சின்னக் குழாயில் கசிவு.

இது எனக்குப் பெருமை தரும் ராத்திரி. இன்னொன்று அப்படி இல்லை. ஒரு பம்ப்பின் பேரிங் வெப்பநிலை அலாரம் ஒரு வாரமாக விட்டு விட்டு வந்துகொண்டிருந்தது. ஒவ்வொரு தடவையும் ஆள் போய்த் தொட்டுப் பார்த்துவிட்டு, ஒயர் லூஸ் என்று வந்து சொல்வார்கள். மெயின்டனன்ஸில் எழுதிப் போட்டோம், யாரும் வந்து சரி செய்யவில்லை. எட்டாவது முறையோ ஒன்பதாவது முறையோ வந்தபோது ஷிஃப்ட் பொறுப்பில் நான். "அதே ஒயர்தான்" என்று சொல்லிப் பொத்தானை அமுக்கிச் சத்தத்தை நிறுத்தினேன். ஆளை அனுப்பவில்லை. இருபது நிமிடத்தில் பம்ப் ஹவுஸிலிருந்து புகை. பேரிங் எரிந்து போயிருந்தது. நல்ல வேளையாக யாரும் பக்கத்தில் இல்லை. இதை நினைத்தால் இப்போதும் எனக்கு உள்ளங்கை வியர்க்கிறது.

இரண்டு ராத்திரியும் அலாரத்தை நம்பாதவன் நான்தான். முதல் ராத்திரி, நம்பாமல் இருக்கக் காரணம் தேடிப் பார்த்தேன், வேறு மூன்று இடத்தில் கேட்டேன். இரண்டாவது ராத்திரி பழக்கத்தின் மேல் சாய்ந்தேன். பெட்ரோவ் செய்தது முதல் வகை. அவர் ராடாரைக் கேட்டார், படம் பார்ப்பவர்களைக் கேட்டார், எண்ணிக்கையை யோசித்தார். ஒரு எச்சரிக்கை வந்தால் அது சரியா என்று பார்த்துச் சொல்வதற்குத்தான் அந்த நாற்காலியில் ஒரு மனிதரை உட்கார வைத்திருந்தார்கள். கணினி சொல்வதை அப்படியே மேலே அனுப்புவதாக இருந்தால் ஒரு கம்பி போதும்.

நிஜமாகவே வந்திருந்தால் என்று கேட்டீர்கள். வந்திருந்தால், சில நிமிடங்களில் தரை ராடார்கள் பார்த்திருக்கும். சோவியத் ஏவுகணைகள் ஆயிரத்துக்கும் மேல் இருந்தன, கடலுக்கடியில் நீர்மூழ்கிகள் இருந்தன. ஐந்து அமெரிக்க ஏவுகணை விழுந்தாலும் பதிலடி கொடுக்கும் சக்தி போயிருக்காது. லட்சக்கணக்கில் உயிர் போயிருக்கலாம், அதை நான் சிறிதாக்கவில்லை. ஆனால் பொய் எச்சரிக்கையை நம்பிப் பதிலடி கொடுத்திருந்தால், திருத்த முடியாத தவறு அது. கிளம்பிய ஏவுகணையைத் திரும்பக் கூப்பிட வழியே கிடையாது ஐயா. உங்கள் வங்கியில் தவறாகப் போன பணத்தைக்கூட ஒரு நாளில் திருப்பி எழுதலாம்.

கேள்வி: இதெல்லாம் பழைய சோவியத் கருவிகளின் தரக்குறைவு தானே? அமெரிக்காவில் இப்படி நடந்திருக்குமா?
*– மென்பொருள் பொறியாளர், ஓசூர்*

நடந்தது. பல முறை நடந்தது. உங்கள் துறை சம்பந்தப்பட்டது என்பதால் இரண்டை விரிவாகச் சொல்கிறேன்.

1979 நவம்பர் 9. கொலராடோவில் சையன் மலையைக் குடைந்து கட்டிய, வட அமெரிக்க வான்காப்புக் கட்டளை அமைப்பான நோராட்டின் தலைமையகம். காலை நேரத்தில் திரைகளில் ஒரு முழு அளவு சோவியத் தாக்குதல் தெரிந்தது. பென்டகனிலும் மற்றத் தலைமையகங்களிலும் அதே காட்சி. போர் விமானங்கள் மேலே கிளம்பின. நெருக்கடி நேரத்தில் அதிபர் ஏறிக்கொள்ள வேண்டிய பறக்கும் கட்டளை விமானமும் அதிபர் இல்லாமலேயே கிளம்பிவிட்டது. கடைசியில் பார்த்தால், பயிற்சிக்கும் சோதனைக்கும் தயாரித்த ஒரு தாக்குதல் காட்சி, நிஜமாக இயங்கிக்கொண்டிருந்த கணினிக்குள் போயிருந்தது. செயற்கைக்கோளையும் ராடாரையும் நேரடியாகக் கேட்டவர்களுக்கு "இங்கே ஒன்றும் இல்லை" என்று பதில் வந்ததால் சில நிமிடங்களில் அடங்கியது. சோவியத் தலைவர் பிரெஷ்னேவ் இதைப் பற்றிக் கவலை தெரிவித்து அதிபர் கார்ட்டருக்குக் கடிதமே எழுதினார். சோதனைச் சூழலும் நிஜச் சூழலும் கலந்தால் என்ன ஆகும் என்று நான் உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. அதன் பிறகுதான் சோதனைக்கென்று தனி இடம் கட்டினார்கள்.

ஏழு மாதத்தில் அடுத்தது. 1980 ஜூன் 3 அதிகாலை. அணுகுண்டு விமானங்களை வைத்திருந்த அமெரிக்க உத்திசார் வான்படையின் திரையில் நீர்மூழ்கியிலிருந்து 2 ஏவுகணை கிளம்பியதாக வந்தது. சற்று நேரத்தில் அந்த எண் மளமளவென்று ஏறியது. அணுகுண்டு விமானிகள் ஓடிப்போய் இன்ஜினை ஓட விட்டார்கள். ஆனால் ஒவ்வொரு தலைமையகத்தின் திரையிலும் ஒவ்வொரு எண் வந்தது. அதுவே சந்தேகத்தைக் கிளப்பியது. மூன்று நாள் கழித்து மறுபடியும் அதே கூத்து. தேடிப் பார்த்ததில், தகவல் தொடர்புக் கருவியில் இருந்த 46 சென்ட் விலையுள்ள ஒரு சிப் பழுது.

அது எப்படி இவ்வளவு பெரிய பொய்யைச் சொன்னது என்பதுதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது. இணைப்பு உயிரோடு இருக்கிறதா என்று பார்க்க, நோராட்டிலிருந்து ஓயாமல் ஒரு சோதனைச் செய்தி போய்க்கொண்டே இருக்கும். அந்தச் செய்தி நிஜத் தாக்குதல் செய்தியின் வடிவத்திலேயே இருந்தது. ஏவுகணை எண்ணிக்கை வரும் இடத்தில் மட்டும் சுழி, அதாவது பூஜ்யம். சிப் கெட்டபோது சில சுழிகள் 2 ஆக மாறின. செய்தி வழியில் சிதைந்ததா என்று சரிபார்க்கும் ஏற்பாடும் சரியாக இல்லை. சும்மா "நலமா" என்று கேட்பதற்கு, "எத்தனை ஏவுகணை வருகிறது? சுழி" என்ற வடிவத்தைத் தேர்ந்தெடுத்தவர் எந்தக் கெட்ட எண்ணமும் இல்லாதவர். ஒரு மேசையில் உட்கார்ந்து, வேலை சுலபமாக முடியட்டும் என்று எழுதியிருப்பார். இந்தத் துறையில் இருக்கும் பிள்ளைகள் யாராவது இதைப் படித்தால், தயவுசெய்து இந்தச் சுழியை மறக்காதீர்கள்.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். 1960 அக்டோபர் 5 அன்று, கிரீன்லாந்தில் தூலே என்ற இடத்தில் புதிதாக வைத்த ராடார், பெரிய அளவில் ஏவுகணைகள் வருவதாகச் சொன்னது. நோராட்டில் துணைத் தளபதியாக இருந்த கனடாக்காரர் ராய் ஸ்லெமன் ஒரே ஒரு கேள்வி கேட்டார். "குருஷ்சேவ் இப்போது எங்கே இருக்கிறார்?" அந்தச் சோவியத் தலைவர் நியூயார்க்கில், ஐநா சபைக் கூட்டத்துக்கு வந்திருக்கிறார் என்று பதில் வந்தது. தன் தலைவரே உட்கார்ந்திருக்கும் ஊர் மேல் எவன் குண்டு போடுவான்? ராடார் பார்த்தது, நார்வே பக்கம் எழுந்துகொண்டிருந்த நிலாவை. அவ்வளவு தூரத்திலிருந்து எதிரொலி வரும் என்று யாரும் கணினிக்குச் சொல்லி வைக்கவில்லை. ஸ்லெமனின் அந்தக் கேள்வி எந்தக் கருவிக்கும் தோன்றியிருக்காது.

கேள்வி: 2023-ல் என் கைப்பேசியில் திடீரென்று பெரிய சத்தத்தோடு அரசின் அவசரச் செய்தி வந்தது. சோதனை என்று படிப்பதற்குள் கை நடுங்கிவிட்டது. இப்படிப் பொய்யாக வந்து பொதுமக்கள் பயந்ததுண்டா?
*– இல்லத்தரசி, கோயம்புத்தூர்*

உண்டம்மா. 2018 ஜனவரி 13, சனிக்கிழமை காலை 8:07. அமெரிக்காவின் ஹவாய்த் தீவுகளில் எல்லாருடைய கைப்பேசியிலும், ஏவுகணை வந்துகொண்டிருக்கிறது, உடனே பாதுகாப்பான இடத்துக்குப் போங்கள், இது ஒத்திகை அல்ல என்று செய்தி வந்தது. வட கொரியா சோதனை மேல் சோதனை நடத்திக்கொண்டிருந்த காலம். மக்கள் பிள்ளைகளைக் குளியலறைத் தொட்டிக்குள் படுக்க வைத்தார்கள், தூரத்தில் இருப்பவர்களுக்குப் போன் போட்டுக் கடைசியாகப் பேசுவதாக நினைத்துப் பேசினார்கள்.

ஷிஃப்ட் மாறும் நேரத்தில் நடந்த ஒத்திகை அது. ஒலித்த பதிவில் 'ஒத்திகை' என்றும் இருந்தது, 'இது ஒத்திகை அல்ல' என்ற வாசகமும் இருந்தது. ஒரு ஊழியர் நிஜம் என்றே நம்பி, செய்தியை அனுப்பிவிட்டார். தவறு என்று அலுவலகத்துக்குச் சில நிமிடத்திலேயே தெரிந்தும், கைப்பேசிகளுக்குத் திருத்தம் போய்ச் சேர 38 நிமிடம் ஆனது. தவறுதலாக அனுப்பிவிட்டோம் என்று சொல்லும் செய்தி ஒன்றை அவர்கள் முன்கூட்டித் தயார் செய்து வைக்கவே இல்லை. பயமுறுத்தும் செய்தி மட்டும் தயாராக இருந்தது. இது மனதை மிகவும் வருத்துகிறது. 38 நிமிடம் என்பது ஒரு தாய்க்கு எவ்வளவு நேரம் என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டாம்.

கேள்வி: அமெரிக்கா, ரஷ்யா கதை இருக்கட்டும். நம் நாட்டில்?
*– பள்ளி ஆசிரியர், காரைக்குடி*

2022 மார்ச் 9 மாலை, நம் நாட்டிலிருந்து ஒரு பிரம்மோஸ் ஏவுகணை தவறுதலாகக் கிளம்பி, பாகிஸ்தானுக்குள் 120 கிலோமீட்டருக்கு மேல் போய், பஞ்சாப் மாகாணத்தில் மியான் சன்னு என்ற ஊர்ப் பக்கம் விழுந்தது. அதில் வெடிபொருள் இல்லை, யாரும் இறக்கவில்லை. மார்ச் 11-ஆம் தேதி நம் பாதுகாப்பு அமைச்சகம் வருத்தம் தெரிவித்து அறிக்கை விட்டது. விசாரணை முடிந்து, நடைமுறையை மீறியதாக ஆகஸ்ட் மாதம் விமானப்படை அதிகாரிகள் மூன்று பேர் பணிநீக்கம் செய்யப்பட்டார்கள்.

அது பொய் எச்சரிக்கை இல்லை. பாகிஸ்தான் ராடார் பார்த்தது நிஜமான ஏவுகணை. ஆனால் அதற்குப் பின்னால் போர் இல்லை என்று அந்தப் பக்கம் இருந்தவர்கள் சில நிமிடத்தில் புரிந்துகொள்ள வேண்டியிருந்தது. அன்று அங்கே யாரோ நிதானமாக இருந்திருக்கிறார்கள். அவர் பெயர் நமக்குத் தெரியாது, எதிரி நாட்டுக்காரர், ஆனாலும் அவருக்கு நான் மனதார நன்றி சொல்கிறேன்.

அமெரிக்காவுக்கும் ரஷ்யாவுக்கும் நடுவே அரை மணி நேரப் பயணம். நமக்கும் பாகிஸ்தானுக்கும் நடுவே அந்த அவகாசம் கிடையாது, சில நிமிடம்தான். அதனால் சின்னச் சின்ன ஒப்பந்தங்கள் நமக்குப் பெரிய விஷயம். ஒவ்வொரு வருடமும் ஜனவரி 1-ஆம் தேதி இரண்டு நாடும் தங்கள் அணுசக்தி நிலையங்களின் பட்டியலைப் பரிமாறிக்கொள்கின்றன. உறவு எவ்வளவு கெட்டிருந்தாலும் இது நிற்கவில்லை. பாலிஸ்டிக் ஏவுகணை, அதாவது உயரே எழும்பி வளைந்து வந்து விழும் வகை, அதைச் சோதனை செய்யும் முன் ஒருவருக்கொருவர் சொல்ல வேண்டும் என்று 2005-ல் கையெழுத்தானது. விமானம் போலப் பறந்து போகும் பிரம்மோஸ் போன்ற க்ரூஸ் ஏவுகணைகள் அதில் வரவில்லை. வர வேண்டும் என்பது என் ஆசை.

சொல்லி வைத்தாலும் சொன்னது போய்ச் சேர வேண்டும் என்பதற்கு 1995 ஜனவரி 25 சாட்சி. நார்வேயிலிருந்து விஞ்ஞானிகள் துருவ ஒளியை ஆராய ஒரு ராக்கெட் விட்டார்கள். ரஷ்யாவுக்கு முன்பே தகவல் கொடுத்திருந்தார்கள். அந்தத் தாள் ராடார் பார்ப்பவர்களிடம் போகவில்லை. அதிபர் யெல்ட்சின் முன்னால், அணு ஆயுதத்தை ஏவ உத்தரவு கொடுக்கும் பெட்டியைத் திறந்து வைக்கும் அளவுக்கு விஷயம் போனது.

கேள்வி: செயற்கை நுண்ணறிவு வந்தால் இந்தத் தவறுகள் குறையாதா?
*– பொறியியல் மாணவர், சென்னை*

மேகத்தையும் நெருப்பையும் பிரித்துப் பார்க்க அது உதவலாம், உதவட்டும். ஆனால் அதற்குப் பாடம் எடுக்க நிஜ அணு ஏவுகணைப் போர் ஒன்றுகூட நடந்ததில்லை, நடக்கவும் வேண்டாம். எல்லாம் பாவனைத் தரவுதான். 2024 நவம்பரில் பெருவின் லிமா நகரில் சந்தித்தபோது, அணு ஆயுதத்தைப் பயன்படுத்தும் முடிவு மனிதர் கையில்தான் இருக்க வேண்டும் என்று அமெரிக்க அதிபர் பைடனும் சீன அதிபர் ஷி ஜின்பிங்கும் ஒத்துக்கொண்டார்கள். அது வரை நல்லது. எனக்கு இருக்கும் கவலை வேறு. நாற்காலியில் மனிதர் இருப்பார், ஆனால் கருவி அவ்வளவு வேகமாக அவ்வளவு உறுதியாகப் பேசும்போது, அவருக்கு மறுத்துச் சொல்ல நேரமும் தெம்பும் இருக்குமா? பெட்ரோவிடமும் கணினி 'மிக உயர்ந்த நம்பகத்தன்மை' என்றுதான் சொன்னது.

கேள்வி: பெட்ரோவுக்குப் பிறகு என்ன ஆனது? விருது கொடுத்தார்களா?
*– வாசகர், நாகர்கோவில்*

முதலில் தட்டிக்கொடுத்தார்கள். பிறகு விசாரணையில், அந்த நேரத்தில் லாக் புக்கில் ஏன் எழுதவில்லை என்று கேட்டார்கள். ஒரு கையில் தொலைபேசி, இன்னொரு கையில் இன்டர்காம், மூன்றாவது கை எனக்கு இல்லையே என்றார் அவர். விருதும் இல்லை, தண்டனையும் இல்லை. அவருக்கு விருது கொடுத்தால், அமைப்பு தவறு என்று ஒப்புக்கொள்ள வேண்டும். அதைக் கட்டியவர்கள் பெரிய இடத்தில் இருந்தார்கள்.

அடுத்த வருடமே ராணுவத்தை விட்டு வெளியே வந்தார். அந்த எச்சரிக்கை அமைப்பை உருவாக்கிய ஆராய்ச்சி நிறுவனத்திலேயே கொஞ்ச காலம் வேலை. மனைவிக்குப் புற்றுநோய் வந்தபோது, பார்த்துக்கொள்வதற்காக அதையும் விட்டார். பத்து வருடம் மனைவிக்கே விஷயம் தெரியாது. தெரிந்தபோது, "அப்படி நீங்கள் என்னதான் செய்தீர்கள்?" என்று கேட்டாராம். "ஒன்றும் செய்யவில்லை" என்றாராம் இவர்.

சோவியத் ஒன்றியம் கலைந்த பிறகு அவருடைய மேலதிகாரியாக இருந்த தளபதி யூரி வோதின்ட்செவ் எழுதித்தான் உலகத்துக்குத் தெரிந்தது. 2006-ல் நியூயார்க்கில் ஐநா தலைமையகத்தில் பாராட்டினார்கள். 2013-ல் ஜெர்மனியில் டிரெஸ்டன் பரிசு கொடுத்தார்கள். அதற்கெல்லாம் போய்விட்டு, மாஸ்கோ பக்கத்தில் ஃபிரயாசினோ என்ற ஊரில் தன் சின்ன ஃபிளாட்டுக்கே திரும்பி வந்து ஓய்வூதியத்தில் வாழ்ந்தார்.

2017 செப்டம்பர் 7 அவருடைய பிறந்த நாள். ஜெர்மனியிலிருந்து ஒரு நண்பர் வாழ்த்துச் சொல்லத் தொலைபேசியில் அழைத்தார். மகன் எடுத்தார். அப்பா மே மாதம் 19-ஆம் தேதியே இறந்துவிட்டார் என்றார். உலகப் பத்திரிகைகளில் செய்தி வந்தது அதற்குப் பிறகுதான்.